அலுமினியத்தின் அடர்த்தி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அலுமினியம் லேசான உலோகம் என்பது எல்லாருக்கும் தெரியும். எதைவிட லேசு, எவ்வளவு லேசு, அந்த லேசு எந்த வேலைக்கு உதவும் என்று கேட்கும்போதுதான் குழப்பம் தொடங்குகிறது. திரும்பத் திரும்ப வரும் சந்தேகங்களைக் கேட்டவர்களின் வார்த்தையிலேயே இங்கே தொகுத்திருக்கிறோம். பின்னால் வரும் பதில்கள் முன்னால் உள்ளவற்றைச் சுட்டும் என்பதால் கேள்விகளுக்கு எண் கொடுத்திருக்கிறோம்.

1. அலுமினியத்தோட அடர்த்தி சரியா எவ்வளவு? ஒரு இடத்துல 2.7, இன்னொரு இடத்துல 2700, வேறொரு இடத்துல 0.0975னு போட்டிருக்கு.

மூன்றும் ஒன்றுதான், அலகுதான் வேறு. சுத்த அலுமினியம் அறை வெப்பநிலையில் ஒரு கன சென்டிமீட்டருக்கு 2.70 கிராம். அதையே ஒரு கன மீட்டருக்குச் சொன்னால் 2700 கிலோ, ஒரு கன அங்குலத்துக்குச் சொன்னால் 0.0975 பவுண்டு. ஒரு லிட்டருக்கு 2.7 கிலோ என்று மனதில் வைத்துக்கொள்வது எல்லாவற்றையும்விட வசதி. தண்ணீர் லிட்டருக்கு ஒரு கிலோ என்பதால் ஒப்படர்த்தியும் அதே 2.7தான், அதற்கு அலகு கிடையாது.

2. ஒரு கிலோ அலுமினியமும் ஒரு கிலோ இரும்பும் ஒரே எடைதானே? அப்புறம் எப்படி "மூணு மடங்கு லேசு"ன்னு சொல்றீங்க?

எடை ஒன்றுதான், இடம்தான் வேறு. ஒரு கிலோ அலுமினியத்தைக் கனசதுரமாக வார்த்தால் பக்கம் ஏறக்குறைய 7.2 செ.மீ. வரும். ஒரு கிலோ ஸ்டீலுக்கு 5 செ.மீ. போதும். ஆக, "லேசு" என்ற சொல்லுக்கு முன்னால் "ஒரே அளவுக்கு" என்பது எப்போதும் மறைந்து நிற்கிறது. ஒரே அளவுத் துண்டுகளை எடுத்தால் ஸ்டீல் துண்டு 2.9 மடங்கு கனம்.

வேடிக்கைக்காக ஒன்று: காற்றும் பொருளை மேலே தாங்குகிறது. நிறை சரியாக ஒரு கிலோ உள்ள இரண்டு கட்டிகளையும் நுட்பமான தராசில் வைத்தால், அதிக இடம் அடைக்கும் அலுமினியம் ஸ்டீலைவிட 0.3 கிராம் குறைவாகக் காட்டும். சமையலறைத் தராசுக்கு இது தெரியாது.

3. மத்த பொருட்களோட வரிசைல வெச்சா அலுமினியம் எங்கே நிக்கும்?

எண்கள் எல்லாம் கன சென்டிமீட்டருக்குக் கிராமில். உலோகங்களில் அலுமினியத்துக்குக் கீழே அன்றாடப் புழக்கத்தில் இருப்பது மெக்னீசியம் (1.74) மட்டும்தான். பெரிலியம் (1.85) லேசுதான், ஆனால் அதன் தூசி நுரையீரலைக் கெடுக்கும், விலையும் எட்டாது. மேலே போனால் டைட்டானியம் 4.51, துத்தநாகம் 7.14, வார்ப்பிரும்பு 7.2, சாதாரண ஸ்டீல் 7.85, எவர்சில்வர் 8.0, பித்தளை 8.5, செம்பு 8.96, வெள்ளி 10.5, ஈயம் 11.34, தங்கம் 19.3.

உலோகம் அல்லாதவற்றோடு ஒப்பிடும்போதுதான் பலர் அசந்துபோகிறார்கள். ஜன்னல் கண்ணாடி 2.5, கருங்கல் 2.65 முதல் 2.75, கான்கிரீட் 2.4. அதாவது கருங்கல்லும் அலுமினியமும் அளவுக்கு அளவு ஒரே கனம். பொருளை மெல்லிய தகடாகவும் குழாயாகவும் மட்டுமே பார்த்துப் பழகியதால் கைக்கு லேசாகத் தோன்றுகிறது. முழுக் கட்டியைத் தூக்கிப் பார்த்தவர் அப்படிச் சொல்லமாட்டார். கார்பன் ஃபைபர் கலவை 1.5 முதல் 1.6 வரை, அது அலுமினியத்தைவிடக் கணிசமாக லேசு.

4. ஏன் இவ்வளவு லேசு? அணு சின்னதா?

அணு எடை குறைவு, ஆனால் அணு சின்னது அல்ல. செம்போடு வைத்துப் பார்த்தால் விளங்கும், ஏனென்றால் இரண்டிலும் அணுக்கள் ஒரே பாணியில்தான் அடுக்கப்பட்டுள்ளன: ஒரு கனசதுர அறைக்கு நான்கு அணுக்கள். அலுமினிய அணுவின் எடை 27, செம்பு அணுவின் எடை 63.5. அதிலேயே 2.35 மடங்கு வித்தியாசம். போதாததற்கு அலுமினிய அறையின் பக்கம் 0.405 நானோமீட்டர், செம்பின் அறை 0.3615தான். கன அளவில் அது 1.4 மடங்கு. 2.35ஐ 1.4ஆல் பெருக்கினால் 3.3. செம்பு அலுமினியத்தைவிட அதே 3.3 மடங்குதான் கனம்.

5. தகடு, கம்பி, குழாய் எடையை வாங்குறதுக்கு முன்னாடியே கணக்குப் போட முடியுமா?

முடியும். தகட்டுக்கு, சதுர மீட்டர் பரப்பு × மி.மீ. தடிமன் × 2.7 = கிலோ. 2 மீட்டருக்கு 1 மீட்டர், 3 மி.மீ. தகடு என்றால் 2 × 3 × 2.7 = 16.2 கிலோ. அதே அளவு ஸ்டீல் தகடு 47.1 கிலோ.

உருண்டைக் கம்பிக்கு, விட்டம் (மி.மீ.) × விட்டம் ÷ 471 = மீட்டருக்குக் கிலோ. ஸ்டீல் கம்பிக்குப் போடும் 162 என்ற வகுத்தியின் தம்பி இது. 20 மி.மீ. கம்பி 400 ÷ 471, மீட்டருக்கு 0.85 கிலோ. குழாய்க்கு, (வெளிவிட்டம் − சுவர்த் தடிமன்) × சுவர்த் தடிமன் × 0.00848. வெளிவிட்டம் 50, சுவர் 2 மி.மீ. என்றால் 48 × 2 × 0.00848 = மீட்டருக்கு 0.81 கிலோ. வெளிவிட்டத்திலிருந்து தடிமனைக் கழிக்க மறந்து 50 × 2 என்று போடுவதுதான் இங்கே வழக்கமாக நடக்கும் தவறு. சுவர் தடிக்கத் தடிக்க அந்தப் பிழை பெரிதாகும்.

6. கணக்குல ஒண்ணு வருது, தராசுல ஒண்ணு வருது. அடர்த்தி மாறிடுச்சா?

அநேகமாக இல்லை, மாறியது தடிமன். 3 மி.மீ. என்று விற்கும் தகடு உண்மையில் 2.9 இருந்தால் எடை 3.3% குறையும். அடர்த்தியால் இவ்வளவு வித்தியாசம் வர, கலப்பையே மாற்ற வேண்டும். வெர்னியரால் நான்கு மூலையிலும் நடுவிலும் அளந்து சராசரி எடுத்துக் கணக்கைத் திரும்பப் போடுங்கள். சதுரக் குழாயின் உருண்ட முனைகளும் சிறிது எடையைக் குறைக்கும். பெயின்ட், ஒட்டியிருக்கும் பிளாஸ்டிக் படலம் கூட்டும்.

7. 6061, 7075, 5083ன்னு நம்பர் போட்டு விக்கிறாங்களே, எல்லாத்துக்கும் அதே 2.7தானா?

கிட்டத்தட்ட. எதைக் கலந்திருக்கிறார்களோ அதன் பக்கம் எண் சாயும். மெக்னீசியம் அதிகமுள்ள 5083க்கு 2.66, 5052க்கு 2.68, 6061க்கு 2.70, மாங்கனீசு கலந்த 3003க்கு 2.73, செம்பு கலந்த 2024க்கு 2.78, துத்தநாகம் அதிகமுள்ள 7075க்கு 2.81. வார்ப்புக்கான ஏ356இல் சிலிக்கான் (2.33) இருப்பதால் 2.68.

எடை மதிப்பீட்டுக்கு எல்லாவற்றுக்கும் 2.7 என்று போட்டாலே போதும், பிழை 4 சதவீதத்தைத் தாண்டாது. டி6 போன்ற சூட்டுப் பதப்படுத்தல் வலிமையைத் தலைகீழாக மாற்றும், அடர்த்தியை ஏறக்குறைய தொடவே தொடாது. எடையை வைத்து டி6ஆ இல்லையா என்று கண்டுபிடிக்க முயல வேண்டாம்.

8. 4% செம்பு சேர்த்தா சராசரி போட்டு 2.95ன்னு வருது. நீங்க 2.78ங்கறீங்க?

சதவீதம் எடைக்குச் சொல்லப்படுவது. அடர்த்திகளை நேரடியாகச் சராசரி எடுக்கக் கூடாது, பருமன்களைக் கூட்ட வேண்டும். 100 கிராம் கலப்பில் 96 கிராம் அலுமினியம் 35.6 கன செ.மீ. இடம் பிடிக்கும், 4 கிராம் செம்பு 0.45 மட்டும். மொத்தம் 36.0. 100ஐ அதால் வகுத்தால் 2.78.

இதுவும் தோராயமே. கலந்தபின் அணுக்கள் புது இடைவெளியில் அடுக்கப்படுவதால் உண்மை எண் சற்று விலகலாம். உலோகங்களிலேயே மிக லேசான லித்தியம் (0.534) நல்ல உதாரணம். எடையில் 1% லித்தியம் சேர்த்தால் பருமன் கணக்கு கிட்டத்தட்ட 4% குறையும் என்று காட்டும், நடப்பில் சுமார் 3%தான் குறைகிறது. கூடவே விறைப்பு 6% ஏறுவதால்தான் விமானத் தகடுகளில் அது இடம் பிடித்தது.

9. கையில இருக்கிற துண்டோட அடர்த்தியை நானே அளக்க முடியுமா?

0.1 கிராம் காட்டும் தராசு, ஒரு கண்ணாடிப் பாத்திரம், மெல்லிய தையல் நூல் போதும். முதலில் துண்டை எண்ணெய்ப் பிசுக்குப் போகக் கழுவி, துடைத்து, எடை போடுங்கள். 135.0 கிராம் என்று வைத்துக்கொள்வோம். பிறகு பாத்திரத்தில் தண்ணீர் ஊற்றித் தராசில் வைத்து, எண்ணைப் பூஜ்யமாக்குங்கள். துண்டை நூலில் கட்டித் தண்ணீருக்குள் முழுக்க இறக்குங்கள். அடியிலோ பக்கத்திலோ தொடக் கூடாது, நூலைக் கையில் பிடிப்பதைவிட ஒரு குச்சியில் கட்டித் தொங்கவிடுவது மேல். தராசு இப்போது 49.9 என்று காட்டும். அது துண்டின் எடை அல்ல, துண்டு விலக்கிய தண்ணீரின் எடை.

20 டிகிரியில் தண்ணீர் 0.998 என்பதால் பருமன் 49.9 ÷ 0.998 = 50.0 கன செ.மீ. அடர்த்தி 135.0 ÷ 50.0 = 2.70. அளவு ஜாடியில் நீர்மட்டம் ஏறுவதைப் படிக்கும் பள்ளிக்கூட முறையைவிட இது பல மடங்கு துல்லியம். ஜாடியில் அரைக் கோடு தவறிப் படித்தாலே முதல் தசமம் போய்விடும்.

10. அளந்தேன், 2.4 வந்துச்சு. இன்னொரு தடவை 3.1. என்ன தப்பு?

முதலில் துண்டின் அளவைப் பாருங்கள். 10 கிராம் துண்டு விலக்குவது 3.7 கிராம் தண்ணீர்தான். 1 கிராம் துல்லியத் தராசில் அது 3.2 முதல் 4.2 வரை எதுவாகவும் இருந்திருக்கலாம், விடை 2.4க்கும் 3.1க்கும் நடுவில் ஊஞ்சலாடும். துண்டு 100 கிராமுக்கு மேல் இருக்கட்டும்.

அடுத்தது குமிழி. துளை, மரை, சொரசொரப்பான வார்ப்புத் தோல் ஆகியவற்றில் காற்று ஒட்டிக்கொண்டால் விலகும் தண்ணீர் கூடி, அடர்த்தி குறைவாக வரும். தண்ணீரில் ஒரு சொட்டுப் பாத்திரம் கழுவும் திரவம் விட்டு, துண்டை ஆட்டி இறக்கினால் சரியாகும். துண்டு அடியைத் தொட்டால் அதன் எடையும் தராசில் ஏறி, அடர்த்தி இன்னும் குறைவாக வரும். எல்லாம் சரியாகச் செய்தும் குறைவாகவே வந்தால் உள்ளே பொந்து இருக்கலாம் (கேள்வி 15).

11. பார்க்க ஒரே மாதிரி இருக்கு. இது அலுமினியமா, மெக்னீசியமா, துத்தநாகக் காஸ்டிங்கா?

இந்த மூன்றையும் பிரிக்க அடர்த்தியைவிட நல்ல சோதனை இல்லை, ஏனென்றால் எண்கள் வெகு தூரத்தில் இருக்கின்றன. மெக்னீசியக் கலப்பு 1.8, அலுமினியம் 2.7, துத்தநாகக் காஸ்டிங் 6.6 முதல் 6.7. காந்தம் மூன்றையும் பிடிக்காது, எனவே காந்தத்தை நம்பிப் பயனில்லை. ஏமாற்றுவது பெரும்பாலும் துத்தநாகம்தான். கைப்பிடி, பூட்டு உடல், பொம்மைக் கார் எல்லாம் அலுமினியம்போல் பளபளக்கும், கையில் எடுத்தால் மட்டும் கனக்கும்.

மெக்னீசியமா என்ற சந்தேகத்தைத் தீர்க்க, ஒரு மூலையை அரத்தால் தேய்த்து, பளிச்சென்ற இடத்தில் ஒரு சொட்டு வினிகர் விடுங்கள். மெக்னீசியம் சில நொடிகளில் நுரைக்கும், அலுமினியம் சும்மா இருக்கும். உருக்குவதற்கு முன் இதைக் கட்டாயம் பார்க்க வேண்டும். மெக்னீசியம் தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றக் கூடாது. தண்ணீரிலிருந்தே ஹைட்ரஜனைப் பிரித்தெடுத்து இன்னும் வேகமாக எரியும். முழுக்க உலர்ந்த மணலால்தான் மூட வேண்டும்.

12. அலுமினியம் தண்ணீர்ல மிதக்குமா? ஃபாயில் உருண்டை மிதக்குதே!

முழு அலுமினியம் மூழ்கும், உப்புக் கரைசலிலும் மூழ்கும். உருண்டை மிதப்பது உள்ளே அடைபட்ட காற்றால். 30 செ.மீ. சதுர, 0.016 மி.மீ. ஃபாயிலில் 1.44 கன செ.மீ. உலோகம்தான் இருக்கிறது, எடை 3.9 கிராம். அதைக் கசக்கி 2 செ.மீ. விட்டத்துக்கு மேல் உருட்டினால் மிதக்கும். சுத்தியலால் தட்டி இறுக்கினால் மூழ்கும். காற்றே இல்லாமல் அழுத்த முடிந்தால் விட்டம் 1.4 செ.மீ.யில் நிற்கும். மடிப்புகளில் நீர் கசிந்தால் பெரிய உருண்டையும் கொஞ்ச நேரத்தில் அமிழும்.

பாதரசத்தில் (13.5) அலுமினியம் மிதக்கும். செய்து பார்க்காதீர்கள். ஆவி நஞ்சு என்பது ஒருபுறம், ஆக்சைடுத் தோலில் கீறல் இருந்தால் பாதரசம் உள்ளே புகுந்து அலுமினியத்தைப் பொடிப்பொடியாக்கிவிடும்.

13. சூடாக்கினா, உருக்கினா அடர்த்தி எவ்வளவு குறையும்?

500 டிகிரியில் ஏறக்குறைய 2.6. 660 டிகிரியில் உருகும் தருணத்தில் 2.55இலிருந்து 2.38க்கு ஒரே தாவு. உருக்குபவர்களுக்கு இதில் இரண்டு விஷயம். 10 கிலோ கட்டி 3.7 லிட்டர், உருகினால் 4.2 லிட்டர். மூசையின் (உலோகம் உருக்கும் பாத்திரம்) கொள்ளளவைக் குளிர்ந்த எண்ணை வைத்துக் கணக்கிட்டால் வழியும். அதேபோல் உறையும்போது 6 சதவீதத்துக்கு மேல் சுருங்குவதால், தடித்த பகுதிக்கு உருக்கு (உருகிய உலோகம்) ஊட்டும் தலைப்பு வைக்காவிட்டால் அங்கே குழி விழும்.

14. அலுமினா (அலுமினிய ஆக்சைடு) 3.95, உருகின அலுமினியம் 2.38. அப்போ கசடு ஏன் மேலே மிதக்குது?

நல்ல கேள்வி. கசடு சுத்த அலுமினா அல்ல. மிக மெல்லிய ஆக்சைடுத் தோல் மடிந்து மடிந்து, நடுவே காற்றையும் உலோகத்தையும் பிடித்துவைத்திருக்கும் பஞ்சு அது. உருகிய உலோகம் அந்தத் தோலை எளிதில் நனைப்பதும் இல்லை. தடித்த ஆக்சைடுத் துண்டுகளோ உண்மையிலேயே அடியில் தங்குகின்றன. மேலே வழித்துவிட்டால் உருக்கு சுத்தம் என்று நினைப்பதும், மூசையின் கடைசிச் சொட்டு வரை வார்ப்பதும் இதனால்தான் தவறாகிறது.

அலுமினியம் தயாரிப்பதே இப்படி ஒரு நூலிழை வித்தியாசத்தில்தான் நடக்கிறது. 1886இல் ஹாலும் எரூவும் தனித்தனியே கண்டுபிடித்த முறையில், 960 டிகிரியில் உருகிய கிரையோலைட் (அலுமினாவைக் கரைக்கும் உப்பு) குளியல் சுமார் 2.1, அலுமினியம் சுமார் 2.3. அந்த 0.2 இருப்பதால் உலோகம் அடியில் சேர்ந்து, காற்றுப் படாமல் பாதுகாப்பாகக் கிடக்கிறது. ஹூப்ஸ் சுத்திகரிப்புக் கலத்தில் வேண்டுமென்றே தலைகீழ்: குளியலில் பேரியம் உப்புச் சேர்த்துக் கனமாக்கி, செம்பு கலந்த அழுக்கு அலுமினியத்தை அடியிலும் சுத்தமானதை மேலேயும் நிறுத்துகிறார்கள்.

15. காஸ்டிங் 2.62 காட்டுது. ஏ356க்கு 2.68ன்னு போட்டிருக்கீங்களே?

அளவீடு சரி என்றால் (கேள்வி 10) உள்ளே 2.2% பொந்து. காரணம் பெரும்பாலும் ஹைட்ரஜன். உருகிய அலுமினியம் உருகுநிலையில் 100 கிராமுக்கு சுமார் 0.7 மி.லி. ஹைட்ரஜனைக் கரைத்துவைக்கும், உறைந்தபின் 0.04 மி.லி.தான் தாங்கும். மிச்சம் குமிழியாகிறது. ஈரமான கரண்டி, ஈரமான ஸ்கிராப், தேவைக்கு மேல் சூடு ஆகிய மூன்றும் ஹைட்ரஜனின் வாசல்கள்.

வார்ப்பதற்கு முன்பே இதைக் கண்டுபிடிக்கலாம். ஒரே உருக்கிலிருந்து இரண்டு சிறு கிண்ணங்கள் எடுத்து, ஒன்றைத் திறந்த காற்றிலும் மற்றொன்றை 80 மில்லிபார் வெற்றிடத்திலும் உறையவிட்டு, கேள்வி 9 முறையில் அடர்த்தி பாருங்கள். 2.66, 2.58 என்று வந்தால் வித்தியாசம் 0.08, அதை 2.66ஆல் வகுத்தால் 3%. இதற்கு அடர்த்திக் குறியீடு என்று பெயர். எந்த எண் வரை ஏற்பது என்பது பாகத்தைப் பொறுத்தது. கசிவு சோதனைக்குப் போகும் பாகத்துக்கு 3% அதிகம், ஆர்கான் விட்டு வாயுவை வெளியேற்றிய பிறகே ஊற்றுவது நல்லது.

16. லேசுன்னா பலமும் கம்மிதானே?

எந்த வேலை என்பதைப் பொறுத்தது. முதலில் விறைப்பு: ஸ்டீல் 210 கிகாபாஸ்கல், அலுமினியம் 70. விறைப்பும் மூன்றில் ஒன்று, அடர்த்தியும் ஏறக்குறைய மூன்றில் ஒன்று. எனவே நேராக இழுபடும் கம்பியில், ஒரே நீட்சிக்கு அலுமினியத்தால் ஒரு கிராம்கூட மிச்சமில்லை.

வளையும் பாகத்தில் கதை மாறுகிறது. தடிமன் கூடினால் வளைவுக்கு எதிரான விறைப்பு அதன் மும்மடிப் பெருக்கத்தில் ஏறும். ஸ்டீல் தகட்டின் விறைப்பை எட்ட அலுமினியத் தகடு 1.44 மடங்கு தடித்திருந்தால் போதும், எடை பாதியாகிவிடும். சதுரக் கட்டையாக இருந்தால் எடை 60 சதவீதத்தில் நிற்கும். "அலுமினியத்துக்கு மாத்தினா மூணுல ரெண்டு பங்கு எடை மிச்சம்" என்பது அதே தடிமனை வைத்துக்கொண்டால்தான், அப்படி வைத்தால் பாகம் தொய்யும். வலிமையில் நிலைமை இன்னும் நல்லது: 6061-டி6 நிரந்தரமாக வளையத் தொடங்கும் அழுத்தம் சாதாரண ஸ்டீலுக்குச் சமம், 250 மெகாபாஸ்கலை ஒட்டியது.

17. அப்போ மெக்னீசியம் இன்னும் லேசாச்சே, ஏன் எல்லாத்தையும் அதுல செய்யலை?

தகட்டுக் கணக்கில் அது அலுமினியத்தையும் கால்வாசி எடையால் தோற்கடிக்கும். ஆனால் அறைச் சூட்டில் மடிக்க முயன்றால் விரிசல் விடும், உப்பு ஈரத்தில் அரிக்கும், ஸ்டீல் போல்ட் தொடும் இடத்தில் அரிப்பு பல மடங்கு வேகம். அதனால் வார்ப்புப் பாகங்களில்தான் அதிகம் பார்க்கிறோம்.

18. கரண்ட் கம்பிக்கு செம்புதான் நல்லதுன்னு சொல்றாங்க, ஆனா மேலே போற லைன்ல அலுமினியம் இருக்கே?

ஒரே தடிமனில் அலுமினியம் கடத்துவது செம்பில் 61 சதவீதம். ஈடுகட்ட 1.6 மடங்கு குறுக்குப் பரப்பு, அதாவது 1.28 மடங்கு விட்டம் வேண்டும். அப்படித் தடித்தும் எடை செம்பில் பாதிதான். கோபுரங்களுக்கு நடுவே தொங்கும் கம்பிக்கு எடைதான் கவலை, இடம் அல்ல. மோட்டார் சுருளில் நேர்மாறு, கம்பியைச் செருகும் காடியில் இடம் இல்லை, எனவே செம்பு.

19. ஸ்கிராப் சீவல் ஒரு மூட்டை எடை போட்டேன், 2.7 கணக்குப்படி பத்துல ஒரு பங்குகூட வரலை.

2.7 உலோகத்துக்கு, மூட்டைக்கு அல்ல. லேத்தில் விழும் சுருள் சீவலில் பெரும்பகுதி காற்று. 20 லிட்டர் வாளியை அழுத்தாமல் நிரப்பி எடை போடுங்கள். 5 கிலோ வந்தால் குவியல் அடர்த்தி 0.25, அதாவது வாளியில் 9%தான் உலோகம். மூட்டைகளுக்கு அந்த எண்ணைத்தான் பயன்படுத்த வேண்டும். வெட்டுத் திரவம் ஒட்டியிருந்தால் எடையில் அதுவும் சேரும். வடியவிட்டு, உலர்த்தி, பிறகு எடை போடுங்கள். ஈரத்தோடு மூசையில் போட்டால் உருக்கு வெடித்துத் தெறிக்கும்.